நெல்லின் காவலை நாமே கலைக்க வேண்டாம்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

நீடாமங்கலம் பக்கம் ஆறு மா, அதாவது சுமார் இரண்டு ஏக்கர் நிலத்தில் சம்பா சாகுபடி செய்கிறேன். மார்கழி மூடாப்பில் புகையான் என்ற சாறு உறிஞ்சும் பூச்சி வந்துவிட்டால் பத்திரிகைகளில் மருந்துப் பெயரும் அளவும் வருகின்றன. நெல்லுக்கென்று சொந்தக் காவல் இருப்பதை யாரும் எழுதக் காணோம்.

நெல் தோகை கையை அறுப்பதற்குக் காரணம் சிலிக்கா. அதை மண்ணிலிருந்து எடுத்துத் தோகையிலும் தண்டிலும் பயிர் சேர்த்துவைக்கிறது. தண்டுத் துளைப்பான் புழுவின் பல் அதில் தேய்ந்துபோகும். நெல்லின் வேரோ மொமிலாக்டோன் என்ற பொருளைக் கசியவிட்டு, பக்கத்தில் முளைக்கும் குதிரைவாலிப் புல்லை அடக்கப் பார்க்கிறது. அந்தப் புல்லும் லேசுப்பட்டதல்ல. நெல் மாதிரியே நிமிர்ந்து நின்று ஒளிந்துகொள்ளும். எங்கள் ஊரில் களை பறிக்க வரும் அக்காமார் தோகை தண்டோடு சேரும் இடத்தைத்தான் பார்ப்பார்கள். நெல்லில் அங்கே வெள்ளைச் சவ்வு நாக்குபோல நீட்டிக்கொண்டிருக்கும், புல்லில் மொட்டையாக இருக்கும்.

புகையான் சாறு உறிஞ்சத் தொடங்கினால் நெல் ஒரு வாசனையை விடுகிறது. அதைப் பிடித்துக்கொண்டு, கண்ணுக்கே தெரியாத ஒரு குளவி வந்து புகையான் முட்டைக்குள் தன் முட்டையை வைக்கிறது. இது தெரியாமல் இரண்டு வருஷத்துக்கு முன் நான் பெரிய தப்பு செய்தேன். பயிர் கருகருவென்று நிற்க வேண்டுமென்று யூரியாவை அள்ளிப் போட்டேன். தண்டு இளசாகிப் புகையான் இறங்கியது. கடையில் கொடுத்த பைரித்ராய்டு மருந்தை அடித்தேன். புகையானைப் பிடித்துத் தின்னும் சிலந்திகள் செத்தன, புகையான் முன்னைவிடப் பெருகியது. ஒரு மா பயிர் வட்டவட்டமாகத் தீய்ந்துபோனது. அந்த வைக்கோலை மாடுகூட முகரவில்லை.

அடுத்த சம்பாவுக்கு எட்டடிக்கு ஓரடி பட்டம், அதாவது நடாத இடைவெளி, விட்டு நட்டேன். இலையின் பச்சையை ஒப்பிட்டுப் பார்க்கும் இலை வண்ண அட்டையை வைத்துப் பார்த்து யூரியாவைப் பிரித்துப் போட்டேன். பூச்சி தலைகாட்டியதும் தண்ணீரை வடித்தேன். அந்த வருஷம் மருந்தே தேவைப்படவில்லை. எல்லா வருஷமும் இப்படி அமையாது, பூச்சி மிஞ்சினால் அடிக்கத்தான் வேண்டும். ஆனால் எப்போது மிஞ்சியது என்று தெரிய வேண்டுமே. கிளைக்கு ஒரு புகையான் என்றால் நடவடிக்கை எடுக்கலாம், தூருக்கு, அதாவது கிளைகள் சேர்ந்த ஒரு குத்துக்கு, ஒரு சிலந்தி இருந்தால் கிளைக்கு இரண்டு வரை பொறுக்கலாம் என்கிறது வேளாண் பல்கலைக்கழகப் பரிந்துரை.

இந்தக் கணக்கையும், வயலில் புகையானைத் தின்னும் சிலந்தி, மிரிட் நாவாய்ப்பூச்சி இவற்றின் படங்களையும் உங்கள் வேளாண் பக்கத்தில் பெரிதாகப் போடுங்கள். கார்த்திகை பிறப்பதற்குள் வந்தால், வெட்டி எடுத்து மோட்டார் கொட்டகையில் ஒட்டிவைத்துக்கொள்வோம்.

இப்படிக்கு,
சம்பா விவசாயி ஒருவர்,
நீடாமங்கலம் வட்டம், திருவாரூர் மாவட்டம்.