மத்தி மீன் டப்பாவில் ஓடிய லாரி

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற இதழில் மேற்கு ஆப்பிரிக்கச் சிறுவர்களைப் பற்றிய கட்டுரையைப் படித்தேன். பசி, நோய், கிழிந்த சட்டை எல்லாம் இருந்தன. அந்தப் பிள்ளைகளின் மூளை மட்டும் இல்லை. கானாவில் டெமா துறைமுகத்தில் சில ஆண்டுகள் வேலை பார்த்தவன் என்பதால் அந்தக் குறை எனக்குப் பெரிதாகப் பட்டது.

எங்கள் குடியிருப்புக்குப் பின்னால் எட்டு, ஒன்பது வயதுப் பையன் ஒருவன் காலி மத்தி மீன் டப்பாவில் லாரி செய்துகொண்டிருந்தான். பக்கத்தில் உட்கார்ந்து முழுவதையும் பார்த்தேன். அறுந்த ரப்பர் செருப்பிலிருந்து நான்கு சக்கரம் வெட்டினான். சைக்கிள் கம்பியைக் கரியடுப்பில் பழுக்கக் காய்ச்சிச் சக்கரங்களில் துளை போட்டான். ஆறிய பிறகு அதே கம்பிதான் அச்சு. தள்ளிப் பார்த்தால் சக்கரம் டப்பாவில் உரசி நின்றுவிட்டது. திருப்பித் திருப்பிப் பார்த்தவன், சோடா மூடியைக் கல்லால் தட்டித் தட்டையாக்கி, ஓட்டை போட்டு இடையில் செருகினான். பட்டறையில் வாஷர் செய்யும் வேலையை அந்த மூடி செய்தது. லாரி ஓடியது!

இப்படி ஒருவரை உலகம் அறியும். சியரா லியோனின் ஃப்ரீடவுனைச் சேர்ந்த கெல்வின் டோ, அமிலம், சோடா, உலோகத் துண்டுகளைத் தகரக் குவளையில் போட்டு டேப் சுற்றிப் பேட்டரி செய்தபோது வயது 13. பிறகு குப்பையில் பொறுக்கிய பாகங்களைக் கொண்டு வானொலி நிலையமே நடத்தினார். அமெரிக்காவின் எம்.ஐ.டி. தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்தில் ஆய்வு மாணவராக இருந்த அதே நாட்டுக்காரர் டேவிட் செங்கே, ஊர்ப் பள்ளிப் பிள்ளைகளுக்கு ஒரு போட்டி வைத்தார். கெல்வின் வெளியே தெரிந்தது அதனால்தான். 2012-ல் எம்.ஐ.டி.க்கே போய் வந்தார். செங்கே பின்னாளில் கல்வி அமைச்சரானார். தேடிப் போய்ப் பார்க்க இப்படி ஒருவர் வாய்க்காத பிள்ளைகள் எத்தனை பேரோ!

ஒன்றைச் சேர்த்துச் சொல்ல வேண்டும். சிக்னலில் தலையில் பேசினோடு, ஓடும் வேனுக்குப் பக்கத்திலேயே ஓடித் தண்ணீர்ப் பாக்கெட்டை நீட்டி, சில்லறையும் பிசகாமல் கொடுக்கும் சிறுமிகளும் கெட்டிக்காரிகள்தான். ஆனால் அதற்குக் கைதட்ட எனக்கு மனம் வரவில்லை. கானாவின் 1998-ஆம் ஆண்டுக் குழந்தைகள் சட்டப்படி வேலைக்குச் சேர 15 வயதாக வேண்டும். இலேசான வேலைக்கே 13. அவர்கள் அந்த நேரத்தில் பள்ளியில் இருக்க வேண்டியவர்கள்.

தங்கள் சிறுவர் பகுதியில் அந்த டப்பா லாரியின் செய்முறையைப் படத்துடன் வெளியிட்டால் மகிழ்வேன். நானே வரைந்து அனுப்புகிறேன்.

இப்படிக்கு,
தங்கள் நெடுநாள் வாசகன்,
தூத்துக்குடி.