எட்டாம் வகுப்பு அறிவியல் ஆசிரியர்களுக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள ஆசிரியர்களுக்கு,

வணக்கம். தமிழ்நாட்டு எட்டாம் வகுப்பு அறிவியல் புத்தகத்தில் வளரிளம் பருவம் பற்றி ஒரு பாடம் இருக்கிறது. உங்களில் சிலர் அதை "வீட்டில் படித்துக்கொள்ளுங்கள்" என்று தாண்டிவிடுகிறீர்கள். சிலர் பையன்களை மைதானத்துக்கு அனுப்பிவிட்டு, பெண் பிள்ளைகளுக்கு மட்டும் தணிந்த குரலில் நடத்துகிறீர்கள். தயவுசெய்து இனி அப்படிச் செய்யாதீர்கள்.

2025 ஏப்ரலில் கோவை மாவட்டத் தனியார் பள்ளி ஒன்றில், மாதவிடாய் வந்த மாணவியை வகுப்பறைக்கு வெளியே படியில் உட்காரவைத்துத் தேர்வு எழுதவைத்தார்கள். அந்தப் பிள்ளை படித்ததும் எட்டாம் வகுப்புதான். 2018 நவம்பரில், கஜா புயல் அடித்த இரவில், பட்டுக்கோட்டை அருகே ஒரு சிறுமி வயதுக்கு வந்ததற்காகக் குடிசையில் ஒதுக்கி வைக்கப்பட்டிருந்தாள். தென்னை மரம் விழுந்து இறந்துபோனாள். இதை எழுதும்போதும் மனசு ஆறவில்லை.

சடங்குக்கு ஃபிளெக்ஸ் வைக்கிறோம், தாய்மாமன் சீரை ஊர்வலமாகக் கொண்டுவருகிறோம். ஊருக்கே தெரிந்த அந்த விஷயம் அடுத்த மாதத்திலிருந்து வீட்டுக்குள்கூடப் பேசக்கூடாததாகிவிடுகிறது. புது யுகம் திட்டத்தில் அரசு நாப்கினை இலவசமாகத் தருகிறது. 2018 ஜூலையில் நாப்கினுக்கு இருந்த 12 சதவீத ஜிஎஸ்டியும் போய்விட்டது. ஆனாலும் கடைசி மணி அடித்து எல்லாரும் போகும்வரை பெஞ்சிலேயே உட்கார்ந்திருந்து, எழுந்ததும் முதலில் பெஞ்சைத் திரும்பிப் பார்க்கிற பிள்ளை உங்கள் வகுப்பிலும் இருப்பாள். ஒன்றுக்கு விடவேண்டும் என்று கேட்கவும் பயந்து, பைக்குள் நாப்கினை வைத்துக்கொண்டே உட்கார்ந்திருப்பாள்.

நீங்கள் சொல்ல வேண்டியது பெரிய விஷயமில்லை. கருப்பையின் உள்சுவர் மாதாமாதம் தடிக்கிறது. கரு தங்காவிட்டால் அது உதிர்ந்து ரத்தத்தோடு வெளியேறுகிறது. இதில் தீட்டு எங்கே வந்தது? இதைப் பையன்களும் கேட்க வேண்டும். அம்மா ஏன் மூன்று நாள் சாமி அறைப்பக்கம் போவதில்லை என்று அவர்களுக்கு யாரும் சொன்னதில்லை. பாவாடையில் கறையைப் பார்த்துச் சிரிப்பதும் அதனால்தான்.

ஆண் ஆசிரியர்களுக்குக் கூச்சம் இருக்கும், புரிகிறது. முதல் ஐந்து நிமிடம் பின் பெஞ்சில் சிரிப்புச் சத்தம் வரும். வரட்டும். பாடத்தை நிறுத்தாதீர்கள். அப்புறம், வகுப்பு அலமாரியில் நாலு நாப்கின் வையுங்கள், யாரிடமும் கேட்காமல் எடுத்துக்கொள்ளலாம் என்று சொல்லிவிடுங்கள். அந்தப் பாடம் நடத்தும் நாளில் யாரையும் வெளியே அனுப்பாதீர்கள்.

அன்புடன்,
ஒரு மாணவியின் தாய்