பொம்மைகளை நடக்க வைத்தவர்

அன்புள்ள ஆசிரியருக்கு,

‘தண்டர்பேர்ட்ஸ்’ என்ற பிரிட்டிஷ் பொம்மலாட்டத் தொலைக்காட்சித் தொடர் பற்றித் தாங்கள் வெளியிட்ட கட்டுரையைப் படித்தேன். அதை உருவாக்கிய ஜெர்ரி, சில்வியா ஆண்டர்சன் தம்பதியைக் கொண்டாடியது நியாயமே. ஆனால் ஆலன் பாட்டிலோவின் பெயர் ஓரிடத்திலும் இல்லையே! மனம் ஆறவில்லை.

1965 செப்டம்பரில் பிரிட்டனில் ஒளிபரப்பான முதல் கதையை இயக்கியவர் அவர்தான்.

அந்தப் பொம்மைகளுக்கு ஒழுங்காக நடக்க வராது. கம்பியில் தொங்கும் உடல் நாலடி வைத்தாலே தள்ளாடும். அதனால் முகம் கதவை நோக்கித் திரும்பும். உடனே ஒரு வெட்டு. அடுத்த காட்சியில் ஆள் விமானியின் இருக்கையில் இருப்பார். பொத்தானை அழுத்தும் கையோ உண்மையான மனிதக் கை. பொம்மை முகமும் மனிதக் கையும் சேரும் அந்த இடத்தை நிறுத்தி நிறுத்திப் பார்த்திருக்கிறேன். படத்தொகுப்பின் அருமை எனக்கு விளங்கியது அங்கேதான்.

அரை மணி நேரத்துக்கென எடுத்த அந்த முதல் கதையைப் பார்த்த தொடருக்குப் பணம் போட்ட நிறுவனத்தின் தலைவர் லூ கிரேட், அதை ஒரு மணி நேர நிகழ்ச்சியாக்கச் சொல்லிவிட்டார். முடித்து வைத்ததைப் பிரித்துப் புதுக் காட்சிகளைத் தையல் தெரியாமல் கோப்பது என்ன சாதாரண வேலையா?

பாட்டிலோ பின்னாளில் படத்தொகுப்பாளராகவே பெயர் பெற்றார். ‘ஆல் கொயட் ஆன் தி வெஸ்டர்ன் ஃப்ரண்ட்’ தொலைக்காட்சிப் படத்துக்காக 1980-இல் பில் பிளண்டனுடன் சேர்ந்து அமெரிக்கத் தொலைக்காட்சித் துறையின் எம்மி விருது வாங்கினார். 2020-இல் மறைந்தார்.

அடுத்த முறை எழுதும்போது அவருக்கும் ஒரு பத்தி ஒதுக்குங்கள், ஐயா.

தங்கள் நெடுநாள் வாசகி,
கும்பகோணம்