சிப்பி இளவரசியின் கால்களை வெட்டாதீர்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

மௌனப் படம் என்றாலே திரையில் ஆட்கள் குடுகுடுவென்று ஓடுவார்கள் என்ற எண்ணம் பலருக்கும் ஊறிப் போயிருக்கிறது. அந்த ஓட்டம் பெரும்பாலும் திரையிடுவோர் செய்யும் தவறு. எர்ன்ஸ்ட் லுபிட்ச் 1919-இல் ஜெர்மனியில் எடுத்த ‘சிப்பி இளவரசி’ போன்ற நகைச்சுவைப் படத்தை அந்தத் தவறு கொன்றேவிடும்.

அக்காலக் கேமராவைக் கையால் சுற்றினார்கள். வினாடிக்கு 16 முதல் 20 ஃபிரேம் (தனித்தனிப் படம்) வரை ஓடியிருக்கும். பேசும் படத்துக்கான 24-இல் அதை ஓட்டினால், 18 ஃபிரேமில் ஒரு மணி நேரம் ஓட வேண்டிய படம் 45 நிமிடத்தில் முடிந்துவிடும். இதில் எது பாழாகிறது என்பதற்கு ஒரு காட்சி போதும். ஏழை இளவரசன் நுக்கி, பெண் பார்க்கத் தன் நண்பன் யோசெஃபை அனுப்புகிறான். கோடீஸ்வரர் குவேக்கரின் மாளிகையில் யோசெஃபைக் காக்க வைத்துவிடுகிறார்கள். தரையில் பெரிய நட்சத்திரக் கோலம். சலிப்பு தாங்காமல் அதன் கோடுகளின் மேல் அடிமேல் அடி வைத்து நடக்கிறான். அந்த நிதானம்தான் சிரிப்பே! யோசெஃபாக நடிக்கும் யூலியஸ் ஃபால்கன்ஸ்டைனின் நெடிய உடம்பு மெதுவாகத் திரும்புவதைப் பார்க்கக் கொடுத்து வைத்திருக்க வேண்டும். வேகத்தைக் கூட்டினால் வெறும் கோமாளி ஓட்டம்தான் மிஞ்சும்.

ஃபிலிம் பிரதி என்றால், வேகத்தைக் குறைக்கும் வசதியோடு மூன்று இதழ் ஷட்டரும் (ஒளியை விட்டு விட்டு மறைக்கும் சுழல் தகடு) புரொஜெக்டரில் இருக்க வேண்டும். இரண்டு இதழ் ஷட்டரில் 18 ஃபிரேம் ஓட்டினால் வினாடிக்கு 36 முறைதான் ஒளி விழும். திரை கண் கூசும்படி துடிக்கும். மூன்று இதழில் அது 54 ஆகிவிடும். டிஜிட்டல் பிரதி என்றால், படத்தை ஓட்டும் பல அரங்கு சர்வர்கள் 18-ஐ ஏற்காது. அப்போது மூன்று ஃபிரேமுக்கு ஒன்றை இரட்டித்து 24 ஆக்கிய கோப்பைக் கேட்டு வாங்குங்கள். அசைவில் சிறு தடுமாற்றம் தெரியும். ஆனால் நடிப்பின் வேகம் கெடாது.

அடுத்தது சட்டகம். இது உயரத்தைப் போல் 1.33 மடங்கு அகலமுள்ள படம். இன்றைய 1.85 திரையை நிரப்பப் பெரிதாக்கினால் உயரத்தில் நூற்றுக்கு 28 பங்கு போய்விடும். மேலே தலையைக் காப்பாற்றினால் கீழே யோசெஃபின் கால்களும் கோலமும் போகும். பக்கத்தில் கறுப்புப் பட்டை இருந்துவிட்டுப் போகட்டும்.

திருமண விருந்தில் ஃபாக்ஸ்ட்ராட் ஆட்டம் தொற்றுநோய் போல வீடெங்கும் பரவும். இசைக்குழுவை நடத்தும் இளம் நடிகர் கூர்ட் போய்ஸின் இடுப்பைப் பார்த்தே நேரடி இசைக்காரர் தாளம் பிடிக்க வேண்டும். பியானோவைத் திரை தெரியும்படி போடுங்கள். பதிவு செய்த இசை இந்த இடத்தில் ஓரிரு வினாடி பிசகினாலும் காட்சி சப்பென்று ஆகிவிடும்.

தமிழ்த் துணைத்தலைப்பை ஜெர்மன் எழுத்து அட்டை வரும்போது மட்டும், அதற்குக் கீழே போடுங்கள். செய்தித்தாள்களை வீசும் மகளிடம் ஏன் என்று குவேக்கர் கேட்பார். ஜாடியெல்லாம் உடைந்துவிட்டது என்பாள். பதில் முன்கூட்டித் தெரிந்தால் சிரிப்பு வராது. குவேக்கர் அடிக்கடி சொல்லும் வாக்கியத்தையும் ஒவ்வொரு முறையும் ஒரே மாதிரி எழுதுங்கள். “இதெல்லாம் எனக்குப் பெருசில்லை” என்று கடைசிவரை போட்டால்தான், முடிவில் சாவித்துளை வழியே பார்த்துவிட்டு அவர் “இது பெருசுதான்!” என்னும்போது அரங்கம் சிரிக்கும்.

இப்படிக்கு,
மௌனப் பட ஆர்வலர்கள், மதுரை