மொராக்கோ நண்பர்களுக்கும் தோஹா அறைத் தோழர்களுக்கும் நன்றி

2022 கத்தார் கால்பந்து உலகக் கோப்பை சமயத்தில் தோஹாவில் என்னோடு இருந்த எல்லோருக்கும் வணக்கம். அவசரமாக ஊருக்குக் கிளம்பியதில் யாரிடமும் முறையாக நன்றி சொல்ல முடியவில்லை. இப்போது சொல்கிறேன்.

முதல் நன்றி, டிசம்பர் 6 அன்று எனக்காக ஷிஃப்ட் மாற்றிக்கொண்ட திருநெல்வேலி அண்ணனுக்கு. நீங்கள் விடவில்லை என்றால் மொராக்கோ-ஸ்பெயின் ஆட்டத்தை நான் சூக் வாகிஃப் சந்தை டீக்கடையில் மொராக்கோக்காரர்களோடு உட்கார்ந்து பார்த்திருக்க முடியாது. 120 நிமிடம் ஓடியும் கோல் இல்லை. பெனால்டியில் ஸ்பெயினின் முதல் பந்து கம்பத்தில் பட்டது, அடுத்த இரண்டையும் மொராக்கோ கோல்கீப்பர் போனோ தடுத்தார். கடைசியில் மொராக்கோ வீரர் ஹக்கீமி வந்து, பதற்றமே இல்லாமல், பந்தை நடுவில் மெல்லத் தூக்கிப் போட்டார். முன்பின் தெரியாத ஒரு பெரியவர் என் முகத்தை இரு கைகளாலும் பிடித்து நெற்றியில் முத்தமிட்டார். அவர் வாங்கித் தந்த புதினா டீக்கும் நன்றி.

கிச்சனில் என்னோடு நின்ற மொராக்கோ நண்பா, உனக்குத்தான் பெரிய கடன். மொராக்கோ ஜெயிப்பது அதிர்ஷ்டம் என்று பலர் சொன்னபோது நீதான் விவரம் சொன்னாய். மொராக்கோவின் சலே நகரில் உள்ள முகமது VI கால்பந்து அகாடமியில் வளர்ந்தவர்தான் போர்ச்சுகலுக்கு எதிராக எகிறித் தலையால் முட்டி கோல் போட்ட என்-நெசிரி. ரெக்ராகி அணியின் பயிற்சியாளராகி அப்போது மூன்று மாதம்தான் ஆகியிருந்தது. அணியின் 26 பேரில் 14 பேர் வெளிநாட்டில் பிறந்தவர்கள், பிழைப்புக்குப் போன குடும்பங்களின் பிள்ளைகள். ஹக்கீமியின் அம்மா மாட்ரிட்டில் வீடுகளைச் சுத்தம் செய்து பிள்ளையை வளர்த்தவர் என்று நீ சொன்னதும் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தவர்கள்கூட நிமிர்ந்து பார்த்தார்கள். பிழைக்க வந்த எங்களுக்கு அது யாரோ ஒருவர் வீட்டுக் கதையாகப் படவில்லை.

போர்ச்சுகலை வென்ற அன்று மொராக்கோ வீரர் பூஃபல் மைதானத்திலேயே தன் அம்மாவோடு ஆடினாரே, அந்த வீடியோவை என் அம்மாவுக்கு அனுப்பினேன். கால்பந்து என்றால் என்னவென்றே தெரியாதவர், "அந்தம்மா முகத்தைப் பாரு, எவ்வளவு சந்தோஷம்!" என்று திரும்பத் திரும்பப் பார்த்தார். ஆப்பிரிக்காவிலிருந்தும் அரபு நாடுகளிலிருந்தும் அரையிறுதிக்கு வந்த முதல் அணி என்ற பெருமையைவிட, அம்மாக்களை உலகத்தின் முன்னால் நிறுத்தியதைத்தான் நான் பெரிதாக நினைக்கிறேன்.

பிரான்ஸிடம் 2-0 என்று தோற்ற இரவு, அழுதுகொண்டே எங்களுக்கும் சேர்த்துச் சாப்பாடு வாங்கி வந்த பக்கத்து அறைத் தம்பிகளுக்கும் நன்றி.

2030 உலகக் கோப்பை ஸ்பெயின், போர்ச்சுகலோடு சேர்ந்து உங்கள் நாட்டிலும் நடக்கிறது. காசாபிளாங்கா வீட்டில் இடம் தருவதாகச் சொன்னாய் நண்பா. இப்போதே காசு சேர்க்கத் தொடங்கிவிட்டேன், அம்மாவையும் அழைத்து வருகிறேன்.