ஆஜராகாததால் தள்ளுபடியான மேல்முறையீடு

ஆசிரியருக்கு,

உரிமையியல் மேல்முறையீட்டில் விசாரணை நாளன்று மேல்முறையீட்டாளர் தரப்பில் யாரும் ஆஜராகாவிட்டால், உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 41, விதி 17-ன்படி அதைத் தள்ளுபடி செய்யலாம். வழக்கின் தகுதிக்குள், அதாவது யார் பக்கம் நியாயம் என்பதற்குள் போய்த் தீர்ப்பு சொல்ல முடியாது. இந்தத் தள்ளுபடி 'தீர்ப்பாணை' (இரு தரப்பின் உரிமைகளை முடிவு செய்யும் ஆணை) ஆகாது. அதனால் இதை எதிர்த்து இரண்டாம் மேல்முறையீடு போடுவது வீண் வேலை. விதி 19-ன் கீழ் அதே நீதிமன்றத்தில், மேல்முறையீட்டை மீண்டும் ஏற்கக் கோரும் மீட்பு மனு போட வேண்டும். அவகாசம் 30 நாள். தகவல் தெரிந்த நாளிலிருந்து அல்ல, தள்ளுபடியான நாளிலிருந்தே! பலர் சறுக்குவது இங்கேதான். நாள் கடந்துவிட்டால் தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவும் கூடவே வேண்டும்.

பிரமாணப் பத்திரத்தில் 'உடல்நலக் குறைவு' என்று மொட்டையாக எழுதினால் எடுபடாது. அந்தத் தேதியில் ஏன் வர இயலவில்லை, வழக்கறிஞர் எங்கிருந்தார் என்பதைச் சொல்லி, மருத்துவச் சான்று போன்ற ஆவணத்தையும் இணைக்க வேண்டும். மீட்பு மனு தள்ளுபடியானால் கட்டளை 43-ன்படி மேல்முறையீடு உண்டு.

இதற்கிடையே கீழ் நீதிமன்றத் தீர்ப்பாணைக்கு இருந்த இடைக்காலத் தடையும் போய்விடுவதால், எதிர்த்தரப்பு அதைச் செயல்படுத்தக் கோரும் நிறைவேற்று மனுவை நகர்த்திவிடும்.

குற்றவியல் மேல்முறையீடு வேறு. ஆஜராகவில்லை என்பதற்காக மட்டும் அதைத் தள்ளக்கூடாது என 1996-லேயே உச்ச நீதிமன்றம் கூறிவிட்டது.

ஒரு வாசகர்