எங்கள் தெருவின் மட்டத்தைப் பாருங்கள்: நகர நிர்வாகத்துக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய மாநகர நிர்வாகத்தினருக்கும் நகரத் திட்டக் குழுவினருக்கும்,

வணக்கம். போன வாரம் பெய்த மழையைப் பற்றி உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. எத்தனை தெருவில் தண்ணீர் நின்றது, எத்தனை மோட்டார் வைத்து இறைத்தீர்கள் என்ற கணக்கெல்லாம் உங்களிடமே இருக்கும். அந்தக் கணக்கில் வராத ஒன்றைச் சொல்லத்தான் எழுதுகிறேன்.

நாங்கள் இந்த வீட்டுக்குக் குடிவந்தபோது தெருவிலிருந்து வாசலுக்கு மூன்று படி ஏற வேண்டும். இன்று தெருவிலிருந்து வீட்டுக்குள் ஒரு படி இறங்குகிறோம். வீடு இருந்த இடத்திலேயேதான் இருக்கிறது, தெருதான் வளர்ந்துவிட்டது. சாலை போட வரும் ஒவ்வொரு முறையும் பழைய தாரைச் சுரண்டி எடுக்காமல் அதன் மேலேயே புதுத் தாரைக் கொட்டி உருட்டிவிட்டுப் போனார்கள். கடைசி முறை வந்தவரிடம் கேட்டேன், "சுரண்டிட்டுப் போடக் கூடாதாங்க?" என்று. "எங்களுக்குக் கொடுத்த வேலையில சுரண்டுறது இல்லைங்க" என்றார். அவர் மேல் எனக்குக் கோபம் இல்லை. அந்த வேலையை எழுதிக் கொடுத்தவர்கள் எங்கள் வாசலைப் பார்த்ததே இல்லை.

அன்று இரவு இரண்டு மணிக்குத் தண்ணீர் வந்தது வாசல் வழியாகக்கூட இல்லை. குளியலறைத் துவாரத்திலிருந்து பொங்கி வந்தது. அம்மாவுக்கு முழங்கால் மடங்காது. கட்டிலின் நான்கு காலுக்கும் செங்கல் வைத்து உயர்த்தி அவரை உட்கார வைத்தேன். சுவரில் தண்ணீர் தொட்ட இடத்தில் பென்சிலால் ஒரு கோடு போட்டேன். அம்மா பத்து நிமிடத்துக்கு ஒருமுறை "இன்னும் ஏறுதாப்பா?" என்று கேட்பார். நான் டார்ச் அடித்துப் பார்த்து அடுத்த கோடு போடுவேன். விடிவதற்குள் ஒன்பது கோடுகள். ஆறாவது கோட்டுக்கு அப்புறம் அம்மா கேட்பதை நிறுத்திவிட்டார். அதுதான் எனக்குப் பயமாக இருந்தது.

மறுநாள் அலைந்தேன். சாலைக்காரர்கள் வடிகாலைக் கை காட்டினார்கள். வடிகால்காரர்கள், கழிவுநீர்க் குழாய் தங்கள் பொறுப்பில் இல்லை என்றார்கள். கழிவுநீர்ப் பிரிவில், பக்கத்துக் காலி மனையில் மண் கொட்டி உயர்த்திக் கட்டியதுதான் காரணம் என்றார்கள். கட்டட அனுமதி கொடுத்தவர்கள், விதிப்படி கொடுத்தோம் என்றார்கள். நான்கு பேர் சொன்னதிலும் உண்மை இருக்கிறது. நால்வரும் சேர்ந்து ஒரு நாளாவது ஒரே வரைபடத்தைப் பார்த்திருக்கிறீர்களா?

என் கோரிக்கை ஒன்றுதான். ஒவ்வொரு தெருவின் மட்டமும், ஒவ்வொரு வடிகாலின் மட்டமும், தண்ணீர் எங்கிருந்து எங்கே போகிறது என்பதும் ஒரே வரைபடத்தில் இருக்க வேண்டும். அதை மக்கள் பார்க்க வெளியே வையுங்கள். அதைச் சரிபார்க்காமல் ஒரு சாலையும் போடாதீர்கள், ஒரு கட்டடத்துக்கும் அனுமதி கொடுக்காதீர்கள்.

"வரலாறு காணாத மழை" என்று நீங்கள் சொல்வது எனக்குத் தெரியும். மழை மாறிவிட்டது, உண்மைதான். காற்று ஒரு டிகிரி செல்சியஸ் சூடானால் அது தாங்கும் ஈரம் ஏறக்குறைய 7 சதவீதம் கூடும் என்பது பழைய இயற்பியல். மாதம் முழுக்கப் பெய்ய வேண்டியது சில மணி நேரத்தில் கொட்டுகிறது. வடிகால்களின் அகலமோ பழைய மழைக் கணக்கை வைத்துப் போட்டது. அப்படியென்றால் வானிலை மாறியது காரணம் ஆகாது. அது தெரிந்தும் கணக்கை மாற்றாததுதான் காரணம்.

டென்மார்க்கின் தலைநகர் கோபன்ஹேகனில் 2011 ஜூலை 2 அன்று சுமார் இரண்டு மணி நேரத்தில் 150 மில்லிமீட்டர் வரை மழை கொட்டியது. அடுத்த ஆண்டே அந்த நகரம் பெருமழைக்கென்று தனித் திட்டம் போட்டது. தண்ணீர் ஓடும் போக்கைப் பார்த்து நகரத்தைப் பகுதி பகுதியாகப் பிரித்தார்கள். எந்தச் சாலை வெள்ளத்தைச் சுமக்கும், எந்தப் பூங்கா அதைத் தேக்கும் என்று முடிவுசெய்து, 20 ஆண்டுகளில் முடிக்க ஏறக்குறைய 300 பணிகளை வகுத்தார்கள். நெதர்லாந்தின் ராட்டர்டாமில் 2013இல் திறந்த ஒரு சதுக்கம், வெயில் நாளில் பிள்ளைகள் பந்தாடும் இடம். மழை நாளில் சுமார் 17 லட்சம் லிட்டரைப் பிடித்து வைக்கும் குளம். அவை பணக்கார நகரங்கள் என்பீர்கள். சரி, சதுக்கம் கட்டப் பணம் வேண்டும். மட்டம் பார்க்க எவ்வளவு வேண்டும்?

கட்டிவிட்டால் மட்டும் போதாது என்பதற்குப் பிரேசிலின் போர்ட்டோ அலெக்ரே இருக்கிறது. 1989இல் மக்களையே உட்கார வைத்து நகர பட்ஜெட் போடத் தொடங்கி உலகத்துக்கு வழிகாட்டிய நகரம் அது. 1941 வெள்ளத்துக்குப் பிறகு கரையும் சுவரும் மதகுகளும் கட்டிக்கொண்டது. 2024 மே மாதம் தண்ணீர் 5 மீட்டரைத் தாண்டியபோது மதகுக் கதவுகள் தாங்கவில்லை, நீரேற்று நிலையங்கள் பல நின்றுபோயின, நகரின் மையமே மூழ்கியது. பராமரிக்காமல் விட்டதன் விலை அது என்று அந்த ஊர் மக்கள் சொன்னார்கள்.

இன்னொன்றும் மனதில் இருக்கிறது. ஒவ்வொரு வெள்ளத்துக்குப் பிறகும் நீங்கள் முதலில் போய் நிற்பது கால்வாய் ஓரக் குடிசைகளின் முன்னால். அவர்களை நகரத்தின் கோடிக்கு அனுப்பிவிட்டு, அதே கால்வாயை மறித்து நிற்கும் பெரிய கட்டடங்களை வரன்முறைப்படுத்துகிறீர்கள். வரைபடத்தை வெளியே வைக்கத் தயங்குவது இதனால்தானோ என்று எங்களில் பலர் நினைக்கிறோம். அந்த எண்ணம் தவறென்றால், தயவுசெய்து வரைபடத்தை வெளியிட்டுக் காட்டுங்கள்.

எழுத எழுத வார்த்தை தடித்துவிட்டது. பொறுத்துக்கொள்ளுங்கள். அன்று விடிகாலையில் இடுப்பளவுத் தண்ணீரில் நின்று அடைப்பு எடுத்த உங்கள் ஊழியர்களை நான் பார்த்தேன். அவர்களுக்கு நான் நன்றிதான் சொல்ல வேண்டும்.

எங்கள் தெருவில் மறுபடியும் சாலை போடப்போவதாக வெள்ளைக் கோடு அடித்துவிட்டுப் போயிருக்கிறார்கள். தார் கொட்டுவதற்கு முன்னால் மட்டம் பார்க்கும் ஆள் ஒருவரைத் தயவுசெய்து அனுப்புங்கள். பழைய தாரைச் சுரண்டச் சொல்லுங்கள். சுவரில் இருக்கும் ஒன்பது கோடுகளையும் நான் இன்னும் அழிக்கவில்லை. வருபவர் அவற்றையும் அளந்துகொண்டு போகட்டும்.

இப்படிக்கு,
தரைத்தளத்தில் குடியிருக்கும் ஒருவன்